மற்ற இரண்டு மரங்கள்

ஜவ்வாது மலை,
12.6.2024, இரவு

அன்புள்ள ரேணுகா அக்காவுக்கு,

உன் தங்கை கோகிலவாணி எழுதுகிறேன். இங்கே அப்பா, அம்மா, நான், மூன்று ஆடுகள் எல்லாரும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம். நீயும் பிரகாஷ் மாமாவும் எப்படி இருக்கிறீர்கள்? இதைக் கேட்க இரண்டு வருடமாக நினைத்தேன். இன்றைக்குத்தான் துணிச்சல் வந்தது.

அப்பாவும் அம்மாவும் தூங்கிவிட்டார்கள். போர்வைக்குள் டார்ச்சை வாயில் கவ்விக்கொண்டு எழுதுகிறேன். எழுத்து கோணலாக இருந்தால் பல் வலிக்கிறது என்று அர்த்தம். நீ மலைக்குக் கீழே இருக்கிற ஊர்க்காரரைக் கட்டிக்கொண்டு போன அன்று, உன் பெயரை வீட்டில் யாரும் சொல்லக் கூடாது என்று அப்பா சொன்னது இன்னும் அப்படியே இருக்கிறது. இந்தக் கடிதம் தெரிந்தால் என்ன ஆகுமோ!

நம் நிலத்தில் கரண்டு டவர் வந்துவிட்டது, அக்கா. கீழ்க்கொல்லையில் நான்கு காலையும் ஊன்றி நிற்கிறது. அதைக் கட்ட வந்த பொக்லைன் கல் வரப்பை உடைத்து மேல்கொல்லை வழியாகப் பாதை போட்டது. தோண்டிய கல்லெல்லாம் சாமை விதைக்கிற மண்ணின் மேல் கிடக்கிறது. கம்பிக்கு அடியில் மரம் இருக்கக் கூடாதாம். ஐந்து புளியமரங்களையும் ஒரே நாளில் சாய்த்துவிட்டார்கள். உனக்கு விட்ட பெரிய மரமும் போயிற்று, எனக்கு விட்ட மரமும் போயிற்று. பெண் பிறந்தால் ஒரு மரத்தைத் தொட்டு ‘இது இவளுது’ என்று சொல்வது நம் ஊர் வழக்கம் என்று பொக்லைனுக்கு யார் சொல்வது?

அப்பா கேட்டதற்கு லைன் வேலை சூப்பர்வைசர் சந்திரன், “ரொம்பப் பேசினா ஃபாரஸ்ட் கேஸ் ஆயிடும் பெரியவரே, பாத்துக்க” என்றார். அப்பா அதோடு சரி. விதைக்க மண் இல்லை, அதனால் ஐப்பசியில் எல்லாரும் குடகுக்குக் காப்பித் தோட்ட வேலைக்குப் போவோம் என்று மேஸ்திரியிடம் சொல்லி வைத்துவிட்டார். நானும் போக வேண்டும். பத்தாம் வகுப்பைப் பாதியில் விட்டுவிட்டு!

நீ போளூரில் ஜெராக்ஸ் கடையில் நாளெல்லாம் மனு டைப் அடிக்கிறாயே. நமக்கு ஒரு மனு கிடையாதா?

தேன் விற்க வாரம் ஒருமுறை போளூர் வரும் குப்பம்மா அக்காவிடம் இதைக் கொடுத்து அனுப்புகிறேன். வெற்றிலை வாங்கித் தந்தால் யாரிடமும் சொல்ல மாட்டேன் என்றிருக்கிறார். பதிலையும் அவரிடமே கொடு.

உன் தங்கை,
கோகிலவாணி


போளூர்,
20.6.2024

என் கோகிக்கு,

நான் நல்ல சுகம், உன் மாமாவும் சுகம். உன் எழுத்தைப் பார்த்ததும் மெஷினை நிறுத்த மறந்துவிட்டேன். ஒருத்தருடைய ரேஷன் கார்டு பதினேழு காப்பி வந்துவிட்டது. முதலாளி திட்டினார். நான் சிரித்துக்கொண்டே நின்றேன்.

பயப்படாதே. நிலத்தைக் கெடுத்தால், பயிரை அழித்தால், மரத்தை வெட்டினால், எல்லாவற்றுக்கும் இழப்பீடு உண்டு. அது பிச்சை இல்லை, நமக்குச் சேர வேண்டியது. அந்தச் சந்திரன் சொல்கிற கேஸ் எதுவும் வராது. பட்டா நிலத்தில் இருந்த மரம் அது. எத்தனையோ பேருக்கு நானே டைப் அடித்துக் கொடுத்திருக்கிறேன். நம் வீட்டுக்கு அடிக்கவில்லையே என்று இப்போதுதான் உறைக்கிறது.

நீ செய்ய வேண்டியது இதுதான். வரப்பு எத்தனை இடத்தில் உடைந்தது, கல் எத்தனை அடி தூரம் பரவியிருக்கிறது, எந்தத் தேதியில் மரம் வெட்டினார்கள் என்று எழுது. ஒவ்வொரு அடிமரத்தையும் நூலால் சுற்றி அளந்து வை.

அப்பாவுக்கு முட்டி வலி எப்படி இருக்கிறது? போன வாரமும் குப்பம்மா அக்கா புளி கொண்டுவந்து கொடுத்தார். காசு கொடுத்தால் வாங்குவதே இல்லை. அவருக்கு என்மேல் அவ்வளவு பிரியம்.

டார்ச்சை வாயில் கவ்வாதே, தோளில் சாய்த்து வைத்துக்கொள்.

அக்கா,
ரேணுகா


ஜவ்வாது மலை,
2.7.2024, இரவு

அன்புள்ள அக்காவுக்கு,

சுகம், சுகம், எல்லாரும் சுகம்! அப்பாவின் முட்டி மழை வந்தால் வலிக்கிறது, வெயில் வந்தால் மறந்துவிடுகிறது. உன் கடிதத்தைச் சமூக அறிவியல் புத்தகத்துக்குள் வைத்து நான்கு தடவை படித்தேன். டீச்சர், “கோகிலா எவ்ளோ ஆசையா படிக்கிறா பாருங்க” என்று எல்லாரிடமும் காட்டினார்.

ஞாயிற்றுக்கிழமை ஆடு மேய்க்கிற சாக்கில் எல்லாவற்றையும் அளந்துவிட்டேன். வரப்பு ஆறு இடத்தில் உடைந்திருக்கிறது. கல் பரவியது நீளம் என் காலடிக்கு நூற்றுப் பன்னிரண்டு, அகலம் நாற்பது. சாக்கு தைக்கிற நூலால் உன் மரத்தைச் சுற்றிக் கட்டிக்கொண்டிருந்தபோது பின்னால் பைக் சத்தம். சந்திரன்!

“இன்னாம்மா, மரத்துக்கு ஜாக்கெட்டு தைக்கப் போறியா?”

“கணக்குப் பாடம் சார். வட்டத்தோட சுற்றளவு.”

“எங்க, சுற்றளவுக்கு இன்னா சூத்திரம், சொல்லு பாக்கலாம்.”

“இரண்டு பை ஆர் சார்.”

அவர் தலையை ஆட்டிக்கொண்டு போய்விட்டார். நான் அப்படியே அடிமரத்தின் மேல் உட்கார்ந்துவிட்டேன். கணக்கு என்னைக் காப்பாற்றியது வாழ்க்கையில் இதுவே முதல் தடவை.

ஐந்து மரத்துக்கும் ஐந்து நூல். உன் நூலில் ஒரு முடிச்சு, என் நூலில் இரண்டு முடிச்சு போட்டிருக்கிறேன். உன்னுடையது ஒன்பது அடிக்கு மேலே. எல்லாம் என் ஜாமெட்ரி பாக்ஸில் இருக்கிறது. காம்பஸை வெளியே எடுத்துவிட்டேன், இடம் போதவில்லை.

டார்ச் மங்குகிறது. மற்ற அளவெல்லாம் தனித் தாளில்.

கோகி


போளூர்,
11.7.2024

கோகிக்கு,

இருவரும் நலம். மனு தயார், இதோடு வைத்திருக்கிறேன். நிலமும் வரப்பும் பயிரும் எழுதியிருக்கிறேன். மரங்களை நேரில் வந்து எண்ண வேண்டும் என்று கேட்டிருக்கிறேன். பட்டா அப்பா பெயரில் இருப்பதால் அவர் கையெழுத்து இல்லாமல் இதை யாரும் வாங்க மாட்டார்கள். அவருக்குத் தெரியாமல் எதையும் செய்ய வேண்டாம். பொய் சொல்லியும் வாங்காதே. எப்படிச் செய்வாய் என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் சந்திரனுக்கே சூத்திரம் சொன்னவள் நீ.

நூல்களைப் பத்திரமாக வை.

ரேணுகா


ஜவ்வாது மலை,
24.7.2024, இரவு

அன்புள்ள அக்காவுக்கு,

நலமா? நாங்கள் நலம். கையெழுத்து கிடைத்துவிட்டது!!

குப்பம்மா அக்கா சாயங்காலம் நேராக வீட்டுக்கு வந்து, “போளூர்ல மனு எழுதற எடத்துல எழுதி வாங்கியாந்தேன் கோபாலு. நீ பாட்டுக்குச் சும்மா கீறியே, ஊரே பணம் வாங்கிடும் போல கீது. பொண்ணு படிக்கட்டும், கேளு” என்று தாளை என் கையில் திணித்தார். நான் படித்தேன். குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருகிற மாதிரி வந்தது. அம்மா களி கிளறுவதை நிறுத்திவிட்டார்.

‘மூன்று கோடையில் எங்கள் கையால் கட்டிய கல் வரப்பு, ஆட்டுத்தலைக் கல்லிலிருந்து ஓடை வரைக்கும்’ என்ற வரி வந்ததும் அப்பா கையைக் காட்டினார்.

“இன்னொரு வாட்டி படி.”

படித்தேன்.

“ஆட்டுத்தலைக் கல்லுன்னு போளூர்க்காரனுக்கு எப்படித் தெரியும்?”

நாம் மட்டும் வைத்த பெயர் அல்லவா அது? ஏன் அக்கா அதை எழுதினாய்?

“நான்தான் சொன்னேன்” என்றார் குப்பம்மா அக்கா. “ஏன், என் வாய்க்குள்ள வெத்தல மட்டும்தான் இருக்குமா?”

அப்பா தாளை வாங்கி விளக்கடியில் வைத்துக் கொஞ்ச நேரம் பார்த்தார். “நல்லா எழுதிக்கிறாங்க” என்றார். பிறகு பேனா கேட்டார்.

குப்பம்மா அக்கா வெளியே வந்து என் காதில், “இதுக்கு ரெண்டு கவுளி வெத்தல” என்றார்.

கோகி


போளூர்,
6.8.2024

என் தங்கத்துக்கு,

நலம், நலம். ஆபீஸில் மனுவை வாங்கிக்கொண்டு சீல் போட்டுக் கொடுத்துவிட்டார்கள். இந்த மாதமே மேலே வந்து பார்ப்பார்களாம். ரசீதை ஜெராக்ஸ் எடுக்கும்போது எனக்காக ஒரு காப்பி கூட எடுத்துச் சுவரில் ஒட்டியிருக்கிறேன். உன் மாமா அதைப் பார்த்து, “நம்ம கல்யாணப் பத்திரத்தக்கூட இவ்ளோ அழகா ஒட்டல” என்கிறார்.

அப்பா அந்த வரியை இரண்டாவது தடவை படிக்கச் சொன்னாரா? உண்மையாகவா?

ரேணுகா


ஜவ்வாது மலை,
30.8.2024, இரவு

அன்புள்ள அக்காவுக்கு,

நாங்கள் சுகம். ஆனால் எனக்குக் கோபத்தில் காய்ச்சல் வந்துவிடும் போல இருக்கிறது.

ஆபீஸர்கள் பத்தொன்பதாம் தேதி வந்தார்கள். நான் பள்ளிக்கூடத்தில் இருந்தேன். விஷயம் தெரிந்து ஓடி வருவதற்குள் ஜீப் கிளம்பிவிட்டது. ஆனாலும் எல்லாவற்றையும் பார்த்து எழுதினார்களாம். அன்று ராத்திரி அப்பா இரண்டாவது தடவை களி கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்!

நேற்று பஞ்சாயத்து ஆபீஸில் பட்டியல் ஒட்டினார்கள். நிலம் இருக்கிறது, வரப்பு ஆறு உடைப்பும் இருக்கிறது, பயிர் இருக்கிறது. புளியமரம்: மூன்று. மூன்றுதான், அக்கா! உன் மரமும் என் மரமும் இல்லை. இருப்பதிலேயே பெரியவை அவை இரண்டும்தான்.

இது சந்திரன் வேலை. ஆபீஸர்கள் போன மறுநாளே பொக்லைனை விட்டுப் பாதையை அகலமாக்கி அந்த இரண்டு அடிமரத்தையும் மண்ணால் மூடிவிட்டார். இப்போது அங்கே மரம் இருந்ததற்கு அடையாளமே இல்லை. அந்த இரண்டும் இல்லாமல் வருகிற பணம் கல்லை அள்ளவே போதாது என்று அம்மா சொல்கிறார். குடகு மேஸ்திரி மறுபடி வந்துவிட்டுப் போனார்.

ஆட்சேபம் இருந்தால் அக்டோபர் நான்காம் தேதி நம் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் விசாரணையாம். பட்டியல் நகலை வாங்கிப் பார், அக்கா. சீக்கிரம்!

கோகி


போளூர்,
9.9.2024

கோகிலவாணிக்கு,

நகல் வாங்கினேன். பட்டியலில் சந்திரன் எதையும் மறைக்கவில்லை. பட்டியலுக்கு அடியில் அப்பாவின் வாக்குமூலம் இருக்கிறது. ‘மற்ற இரண்டு மரங்கள் என்னுடையவை அல்ல’ என்று எழுதி, கீழே அவர் கையெழுத்து. அவர் போடுகிற அந்தக் கொக்கி வைத்த ‘கோ’தான். எனக்குத் தெரியாதா?

என் மரத்தை அவர் அப்படிச் சொன்னால் புரிகிறது. உன்னுடையதை ஏன் சொன்னார் என்று புரியவில்லை.

பரீட்சைக்குப் படி.

ரேணுகா


ஜவ்வாது மலை,
15.9.2024, இரவு

அன்புள்ள அக்காவுக்கு,

எப்படி இருக்கிறாய்? உன் கடிதத்தில் நலமென்றும் இல்லை, நலமா என்றும் இல்லை. கோபமா? நான் என்ன செய்வது என்று சொல்.

காலாண்டுப் பரீட்சை தொடங்குகிறது. அதுவே கடைசிப் பரீட்சையாக இருக்குமோ என்று இருக்கிறது. பதில் எழுது. ஒரு வரியாவது எழுது.

கோகி


ஜவ்வாது மலை,
26.9.2024

அன்புள்ள அக்காவுக்கு,

நாங்கள் எல்லாரும் மிக மிகச் சுகம்! நீ சுகமாக இல்லை என்று குப்பம்மா அக்கா சொன்னார். பத்து நாளாகப் பதில் இல்லாதபோதே எனக்கும் தெரியும். இதைப் படித்ததும் சரியாகிவிடுவாய். எங்கிருந்து ஆரம்பிப்பது? இரு, மூச்சு வாங்கிக்கொள்கிறேன்.

இன்று சாயங்காலம் அப்பா கொல்லையில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தார். பக்கத்தில் குப்பம்மா அக்கா வெற்றிலை மென்றுகொண்டு உட்கார்ந்திருந்தார். நான் போய் நின்றேன். கேட்டுவிட்டேன்.

“ஏம்பா, என் மரம் உன்னுது இல்லியா?”

“இல்ல” என்றார், நிமிராமலே. “உன்னுது.”

“அப்போ ஏன் பட்டியல்ல இல்ல?”

“அந்த ஆபீஸரு, உன் மரம் எத்தினின்னு கேட்டாரு. மூணுன்னேன். மீதி ரெண்டும் என் பொண்ணுங்களுது சார்ன்னேன். அப்போ உன்னுதில்லன்னு எழுதிக்கிறேன்னாரு. எழுதிக்குங்கன்னேன். அடுத்தவங்க மரத்துக்கு நான் கையெழுத்துப் போட்டா நல்லாவா இருக்கும்?”

அக்கா, கேட்டாயா? நாளைக்கே குடகுக்குப் போக மூட்டை கட்டுகிற ஆள், நம் மரத்தைத் தன் மரம் என்று சொல்ல மாட்டேன் என்கிறார்! எனக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. பயத்தையும் மறந்துவிட்டேன்.

“ரெண்டு பொண்ணுங்கன்னா சொன்ன? நீதானே ஒருத்திதான்னு சொல்வே?”

“அவ எங்க போனா இன்னா? மரமுமா கூடப் போயிடும்?”

குப்பம்மா அக்கா துப்பிவிட்டுச் சிரித்தார். “அவ மரத்துப் புளியத் தனியா உலுக்கி, தனியா கொட்ட எடுத்து, தனிக் கூடையில போட்டு, ‘ஆருன்னு சொல்லாம குடுத்துடு’ன்னு ரெண்டு வருசமா என்னையில்ல கழுதையா நடக்க வுட்டுக்கினு இருந்தாரு! உனக்கு ஒரு கவுளி, உங்கப்பனுக்கு ஒரு கவுளி. ரெண்டு பேர்கிட்டயும் வாங்கித் தின்னு என் பல்லே போச்சு.”

அப்பா கல்லை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினார். “நாலாந்தேதி விசாரணையாம்” என்றார். “மரத்துக்காரங்களே நேர்ல வந்து கையெழுத்துப் போடணுமாம். வந்து போடச் சொல்லு.”

“யார்கிட்டப்பா சொல்றது?”

“நீ ராத்திரி ராத்திரி யாருக்கு எழுதறியோ அவகிட்டதான்.”

அவர் அடுத்த கல்லைத் தூக்கிக்கொண்டே, “டார்ச்ச வாயில வெச்சிக்கினு எழுதாத. எச்சி ஊறி பேட்டரி கெட்டுப் போவுது. விளக்காண்ட உக்காந்து எழுது” என்றார்.

விளக்கடியில் உட்கார்ந்துதான் எழுதுகிறேன். அம்மா எதிரே உட்கார்ந்து, “எழுதிட்டியா, எழுதிட்டியா” என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார். அப்பா சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருக்கிறார். தூங்கவில்லை.

வா, அக்கா.

கோகி


போளூர்,
1.10.2024

என் கோகிக்கு,

நாங்கள் இருவரும் நலம். இப்போது உண்மையாகவே நலம்.

மூன்றாவது தடவையாக எழுதுகிறேன், முதல் இரண்டும் நனைந்துவிட்டன. நேற்றுக் குழம்பு வைக்கப் புளியை எடுத்தேன். கரைக்க மனம் வரவில்லை. அப்படியே வைத்துவிட்டேன்.

நான்காம் தேதி முதல் பஸ்ஸில் வருகிறோம். ‘வருகிறோம்’ என்றுதான் எழுதியிருக்கிறேன், அப்பாவிடம் அப்படியே படித்துக் காட்டு. மாமா வீட்டுக்குள் வர வேண்டாம் என்றால் பள்ளிக்கூடத்து வாசலிலேயே நின்றுகொள்வார்.

நூல்களைக் கொண்டு வா.

ரேணுகா


ஜவ்வாது மலை,
7.10.2024

அன்புள்ள அக்காவுக்கும் மாமாவுக்கும்,

பத்திரமாகப் போய்ச் சேர்ந்தீர்களா? வளைவில் மாமாவுக்கு வாந்தி வராமல் இருந்ததா? இங்கே எல்லாரும் சுகம். நீங்கள் போன பிறகு மாமா உட்கார்ந்திருந்த பாயை அம்மா இன்னும் சுருட்டவில்லை.

அப்பா குடகு மேஸ்திரிக்கு ஆள் சொல்லி அனுப்பிவிட்டார், இந்த வருடம் வரவில்லை என்று. பணம் வர இன்னும் நாளாகுமாம். ஆனால் கல்லை அள்ளி வரப்பைக் கட்டிக் கொடுக்க லைன்காரர்களுக்கு ஆர்டர் போட்டுவிட்டார்கள். இன்று காலையிலேயே பொக்லைன் வந்தது. சந்திரன் என்னைப் பார்த்து, “உன் இரண்டு பை ஆர் என்னைக் கவுத்துடுச்சே” என்றார். மேல்கொல்லையில் சுத்தமான பக்கத்தில் அப்பா கொள்ளு விதைத்துவிட்டார். நான் மார்ச்சில் பரீட்சை எழுதுவேன்! இனிமேல் ரகசியம் இல்லையென்றால் வெற்றிலை யார் வாங்கித் தருவார்கள் என்பதுதான் குப்பம்மா அக்காவின் கவலை.

நீ வெளியே வரிசையில் நின்றபோது உள்ளே நடந்ததை அப்பா உன்னிடம் சொல்லியிருக்க மாட்டார். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

முதலில் அப்பாவையும் என்னையும் உள்ளே கூப்பிட்டார்கள். நான் நூல்களை மேஜைமேல் பரப்பினேன். ஆபீஸர் டேப் வைத்து ஒவ்வொன்றாக அளந்தார். மூன்று மரத்துக்கு அவர்கள் எழுதிய அளவும் என் நூலும் ஒன்றாக இருந்தன. “அப்போ மிச்ச ரெண்டு நூலும் சரியாத்தான் இருக்கும்” என்றார் அவர். முடிச்சுகளைத் தொட்டுப் பார்த்து, “ரெண்டு முடிச்சு?” என்றார். “என்னுது சார்” என்றேன். என் பெயரை எழுதிக்கொண்டார். பிறகு பெரிய நூலைத் தூக்கிப் பிடித்தார்.

“இந்த மரம் யாருதுங்க, பெரியவரே?”

அப்பா துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். அப்புறம் அந்தப் பெயரைச் சொன்னார். இரண்டு வருடத்துக்குப் பிறகு, எல்லார் முன்னாலும், கொஞ்சம் சத்தமாகவே சொன்னார்.

“ரேணுகாதேவி. என் பெரிய பொண்ணு.”

ஆபீஸர் எழுதினார். பேனாவை நிறுத்தி, “பேருக்குப் பின்னால இன்னா போடறது? கோபால்சாமி மகள்னு போடவா, இல்ல கல்யாணம் ஆயிருந்தா வூட்டுக்காரர் பேரப் போடவா?” என்றார்.

ஜன்னல் வழியாக மாமா தெரிந்தார். புங்க மரத்தடியில் உன் பையைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார். அப்பாவும் அந்தப் பக்கம்தான் பார்த்தார். கையெழுத்துப் போட வந்தபோது அந்த வரியைப் படித்துவிட்டு நீ என்னைப் பார்த்தாயே, அது எப்படி வந்தது என்று கேட்கிற மாதிரி. இப்படித்தான் வந்தது.

“பிரகாஷுன்னு பேரு” என்றார் அப்பா. “ரெண்டையும் போடுங்க சார். எடம் இருந்தா.”

உங்கள்
கோகிலவாணி